ரெட்டை வானவில் சொல்வது என்ன?



இன்றைக்கு உரத்தைப் பற்றியோ பூச்சி மருந்தைப் பற்றியோ பேச வரவில்லை. வானவில்லைப் பற்றிப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். "இதுக்கும் விவசாயத்துக்கும் என்னங்க சம்பந்தம்?" என்று கேட்பீர்கள். சம்பந்தம் இருக்கிறது. ஒரு ரெட்டை வானவில்லைப் பார்த்து நான் சொன்ன யோசனையால் ஒரு விவசாயிக்கு நஷ்டம் வந்தது. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

2005-ஆம் வருஷம், ஐப்பசி மாதம். நான் வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ஒரு கிராமத்தில் பெரியவர் ஒருவர் மானாவாரிக் கடலையைப் பிடுங்கி, ஆய்ந்து, களத்தில் காயப் போட்டிருந்தார். சாயங்காலம் ஐந்து மணி இருக்கும். லேசாகத் தூறிவிட்டு விட்டது. மேற்கே சூரியன் தலை காட்டினான். கிழக்கே கருமேகத்தின் மேல் ஒன்றல்ல, இரண்டு வில் போட்டது. "சார், ரெட்டை வில் போட்டிருக்கே, கடலையை அள்ளிடலாமா, இப்படியே கிடக்கட்டுமா?" என்று கேட்டார். நான் படித்த புத்தகத்தில், சாயங்கால வானவில் மழை விட்டதற்கு அடையாளம் என்று இருந்தது. "இனி மழை இல்லைங்க, கிடக்கட்டும்" என்று சொல்லிவிட்டுச் சைக்கிள் ஏறிவிட்டேன்.

அன்று ராத்திரி கொட்டித் தீர்த்துவிட்டது. கடலை முழுதும் ஊறிப்போய், பிறகு பூசணம் பிடித்து, பாதி விலைக்குக்கூடப் போகவில்லை.

புத்தகம் எங்கே தப்பியது, நான் எங்கே தப்பினேன் என்று அப்புறம்தான் தேடிப் படித்தேன். அந்தக் கதையைத்தான் இன்று சொல்லப்போகிறேன். இது ஏறக்குறைய இரண்டாயிரத்து முந்நூறு வருஷத்துக் கதை.

முதலில் கண்ணால் பார்த்தவர்கள்

ரெட்டை வில்லை நீங்கள் உற்றுப் பார்த்திருக்கிறீர்களா? உள்ளே இருக்கிற வில் பளிச்சென்று இருக்கும். அதற்கு வெளியே சிவப்பு, உள்ளே ஊதா. மேலே இருக்கிற இரண்டாவது வில் மங்கலாக இருக்கும். அதில் நிறம் தலைகீழ். சிவப்பு உள்பக்கம், ஊதா வெளிப்பக்கம். இரண்டு வில்லும் சிவப்போடு சிவப்பு முகம் பார்த்தபடி நிற்கும்.

இதைப் பழங்காலத்திலேயே கவனித்து எழுதிவைத்தவர் கிரேக்க நாட்டு அறிஞர் அரிஸ்டாட்டில். கிறிஸ்து பிறப்பதற்கு முந்நூற்றுச் சொச்சம் வருஷத்துக்கு முன்னால் வாழ்ந்தவர். வெளி வில் மங்கலானது, நிறம் மாறிக் கிடக்கும் என்றெல்லாம் சரியாகச் சொன்னார். ஆனால் காரணம் சொல்லும்போது, மேகமே கண்ணாடி மாதிரி சூரிய ஒளியைத் திருப்பி அனுப்புகிறது என்று நினைத்தார். அது சரியில்லை.

கி.பி. 200 வாக்கில் அலெக்ஸாண்டர் என்று ஒருவர். இப்போதைய துருக்கியில் இருந்த அப்ரோடிசியாஸ் என்ற ஊர்க்காரர். அவர் இன்னொன்றைக் கவனித்தார். இரண்டு வில்லுக்கும் நடுவில் வானம் மற்ற இடத்தைவிடக் கறுத்துத் தெரிகிறதே, அது ஏன் என்று கேட்டார். பதில் அவருக்கும் கிடைக்கவில்லை. ஆனால் கேள்வி நல்ல கேள்வி. அந்தக் கறுத்த பட்டைக்கு இன்றைக்கும் அவர் பெயர்தான்.

நம் நாட்டிலும் இதை யோசித்திருக்கிறார்கள். ஆறாம் நூற்றாண்டில் உஜ்ஜயினியில் வாழ்ந்த வராகமிகிரர், தம்முடைய பிருஹத் சம்ஹிதையில் இந்திரவில்லுக்கென்று ஒரு பகுதியே வைத்திருக்கிறார். சூரியனின் பல நிறக் கதிர்கள் மேகம் உள்ள வானத்தில் காற்றால் சிதறி வில்லாகத் தெரிகின்றன என்பது அவர் கருத்து. நிறம் சூரிய ஒளியிலிருந்தே வருகிறது என்பது நல்ல யோசனை. காற்று என்பது மட்டும் சரியில்லை.

இவர்கள் எல்லாரும் கெட்டிக்காரர்கள்தான். ஆனாலும் ஏன் கண்டுபிடிக்க முடியவில்லை? மேகத்தை வீட்டுக்குக் கொண்டுவந்து வைத்துப் பார்க்க முடியாதே! தூரத்தில் நின்று மொத்தத்தையும் பார்த்தால், உள்ளே நடக்கிற சங்கதி தெரியாது. பயிர் மஞ்சளாகிவிட்டது என்றால் வரப்பில் நின்று பார்த்தால் போதுமா? ஒரு செடியைப் பிடுங்கி, வேரைக் கழுவிப் பார்த்தால்தானே விஷயம் தெரியும்? அந்த மாதிரி, மழையில் ஒரே ஒரு துளியை எடுத்துப் பார்க்க ஆள் வேண்டியிருந்தது.

கண்ணாடிக் குண்டுக்குள் ஒரு துளி

ஒளியைச் சோதனை செய்து பார்க்கும் வழியைக் காட்டியவர் இப்னு அல் ஹைதம். 965 வாக்கில் ஈராக்கில் உள்ள பஸ்ராவில் பிறந்து, எகிப்துக்குப் போனவர். நைல் நதி வெள்ளத்தைக் கட்டுப்படுத்தித் தருகிறேன் என்று அந்நாட்டு அரசரிடம் சொன்னாராம். நதியோடு மேலே போய் நேரில் பார்த்ததும், தம்மால் ஆகாது என்று தெரிந்துகொண்டாராம். அரசருக்குப் பயந்து பைத்தியம் மாதிரி நடித்தார் என்று பழைய நூல்கள் சொல்கின்றன. அவர் ஒளியைப் பற்றி எழுதிய ஏழு பாகப் புத்தகம் உலகப் புகழ் பெற்றது. வானவில் விஷயத்தில் மட்டும் அவரும் மேகத்தைக் கண்ணாடியாகவே நினைத்துவிட்டார்.

அவர் காலமாகி இருநூற்றைம்பது வருஷத்துக்குப் பிறகு, பாரசீகத்தில் குத்புத்தீன் ஷிராஸி என்ற ஆசிரியர் தம் மாணவர் கமாலுத்தீன் அல் ஃபாரிஸியிடம் அந்தப் புத்தகத்தைப் படிக்கச் சொன்னார். ஃபாரிஸி படித்ததோடு நிற்கவில்லை. உருண்டையான கண்ணாடிப் பாத்திரத்தில் தண்ணீரை நிரப்பினார். "இதுதான் என் மழைத்துளி" என்று வைத்துக்கொண்டார். ஓர் அறையை இருட்டாக்கி, ஒரு துவாரம் வழியாக வெளிச்சத்தை விட்டார். வெளிச்சம் குண்டுக்குள் எப்படிப் போகிறது, எப்படித் திரும்புகிறது என்று ஒவ்வொரு வழியாகப் பின்தொடர்ந்தார்.

அதே காலத்தில், கி.பி. 1300-ஐ ஒட்டி, ஜெர்மனியில் தியோடரிக் என்ற கிறிஸ்தவத் துறவி. ஃப்ரைபெர்க் ஊர்க்காரர். அவரும் கண்ணாடிக் குண்டில் தண்ணீர் நிரப்பி, இதே சோதனையைச் செய்தார். பாரசீகத்தில் ஒருவர் செய்வது இவருக்குத் தெரியாது. இவர் செய்வது அவருக்கும் தெரியாது. இரண்டு பேரும் ஒரே முடிவுக்கு வந்தார்கள்!

அந்த முடிவு இதுதான். தண்ணீரில் நட்ட கம்பு, தண்ணீர் மட்டத்தில் ஒடிந்த மாதிரி தெரிகிறது, இல்லீங்களா? காற்றிலிருந்து தண்ணீருக்குள் போகும்போதும், தண்ணீரிலிருந்து வெளியே வரும்போதும் ஒளி திசை வளைகிறது. அதுதான் காரணம். சூரிய ஒளி துளிக்குள் நுழையும்போது ஒரு முறை வளைகிறது. துளியின் பின்பக்கச் சுவரில் மோதி ஒரு முறை திரும்புகிறது. வெளியே வரும்போது மறுபடியும் வளைகிறது. இப்படி வந்த ஒளிதான் உள் வில்.

இரண்டாவது வில்லுக்கு என்ன காரணம்? சில கதிர்கள் துளிக்குள்ளேயே ஒரு முறைக்குப் பதிலாக இரண்டு முறை சுவரில் மோதித் திரும்பி வெளியே வருகின்றன. அவ்வளவுதான் ரகசியம். ஒரு தடவை கூடுதலாகத் திரும்புவதால் நிறம் தலைகீழாகிவிடுகிறது. ஒவ்வொரு மோதலிலும் கொஞ்சம் ஒளி துளியை விட்டு வெளியே கசிந்துபோகிறது. வாய்க்காலில் இரண்டு இடத்தில் உடைப்பு இருந்தால் கடைமடைக்குத் தண்ணீர் குறைவாகத்தானே வரும்? அந்த மாதிரிதான் வெளி வில் மங்கலாகிறது. மேலும் அது அகலமாக விரிந்தும் கிடக்கிறது.

தியோடரிக் இன்னொன்றும் சொன்னார். ஒரு துளி, ஒரு நேரத்தில் ஒரு நிறத்தைத்தான் நம் கண்ணுக்கு அனுப்பும். மேலே உள்ள துளி சிவப்பை அனுப்ப, கீழே உள்ள துளி ஊதாவை அனுப்புகிறது. ஆயிரமாயிரம் துளிகள் சேர்ந்து வில்லாகிறது. இது மிகச் சரி. ஆனால் அவருடைய கணக்கில் ஒரு பிழை. வில்லின் அளவை 42 டிகிரி என்பதற்குப் பதில் 22 டிகிரி என்று குறித்துவிட்டார். இத்தனைக்கும், 1260-களிலேயே இங்கிலாந்தின் ரோஜர் பேக்கன் 42 டிகிரி என்று அளந்து எழுதியிருந்தார்.

ஏட்டில் தூங்கிய அறிவு

இப்படிப்பட்ட கண்டுபிடிப்பு உலகத்தைச் சுற்றி வந்திருக்க வேண்டும் என்றுதானே நினைப்பீர்கள்? அதுதான் இல்லை. அச்சு யந்திரம் ஐரோப்பாவுக்கு வராத காலம். தியோடரிக் எழுதியது கையெழுத்துப் பிரதியாக நூலகத்தில் கிடந்தது. இத்தாலியைச் சேர்ந்த வென்டூரி 1814-இல் அதைப் பற்றி எழுதிய பிறகுதான் உலகத்துக்கு நன்றாகத் தெரிந்தது. ஐந்நூறு வருஷம்! ஃபாரிஸியின் புத்தகம் ஐரோப்பியர் கண்ணில் பட அதைவிடத் தாமதமானது.

இதைப் படித்தபோது எனக்கு உறைத்தது. அறிவு இருந்தால் மட்டும் போதாது, வேண்டியவர் கைக்கு அது போய்ச் சேர வேண்டும். ஆராய்ச்சிப் பண்ணையில் இருக்கிற சங்கதி உங்கள் வயலுக்கு வராவிட்டால் அது தூங்குகிற ஏடுதான். உங்கள் வயலில் நீங்கள் கண்டது எங்களிடம் வராவிட்டாலும் அப்படித்தான்.

உழவு மாடு திரும்புகிற இடம்

மேலே மூன்று நூற்றாண்டு போயிற்று. 1637-இல் பிரெஞ்சு அறிஞர் டேகார்ட், மறுபடியும் தண்ணீர் நிரப்பிய கண்ணாடிக் குண்டைக் கையில் எடுத்தார். முதுகை வெயிலுக்குக் காட்டி, குண்டை மேலும் கீழும் அசைத்துப் பார்த்தார். சுமார் 42 டிகிரியில் வைத்தபோது குண்டின் ஒரு பக்கம் பளீரென்று சிவந்தது. இன்னும் உயர்த்தி 52 டிகிரிக்குப் பக்கத்தில் வைத்தபோது, மறுபக்கம் மங்கலாகச் சிவந்தது. குண்டின் பல பகுதிகளை மறைத்து மறைத்து, ஒளி எந்த வழியாக வருகிறது என்று கண்டுகொண்டார்.

அப்புறம் ஒரு பெரிய கேள்வி கேட்டார். துளியின் மேல் எல்லா இடத்திலும்தான் வெயில் படுகிறது. அப்படியிருக்க, ஏன் குறிப்பாக 42 டிகிரி? துளியின் நடுவிலிருந்து ஓரம் வரை ஒவ்வொரு கதிராகக் கணக்குப் போட்டார். நடுவில் பட்ட கதிர் வந்த வழியே திரும்புகிறது. கொஞ்சம் கொஞ்சமாக ஓரத்துக்குப் போகப் போக, வெளியே வரும் கோணம் கூடிக்கொண்டே போகிறது. 42 டிகிரிக்கு மேல் கூடுவதில்லை. அங்கே திரும்பி மறுபடி குறைகிறது.

இதைப் புரிந்துகொள்ள உங்களுக்குக் கணக்கு வேண்டாம். உழும்போது ஏர் வரப்போரம் வந்து திரும்புகிறது. மாடு திரும்புகிற அந்த இடம் மட்டும் மற்ற இடத்தைவிட அதிகமாக மிதிபட்டுக் கிடக்கும், பார்த்திருப்பீர்கள். அதே மாதிரி, கதிர்கள் திரும்புகிற 42 டிகிரியில் வெளிச்சம் நெருக்கமாகச் சேர்கிறது. அங்கேதான் வில் தெரிகிறது.

அலெக்ஸாண்டரின் கேள்விக்கும் இதுவே பதில். ஒரு முறை திரும்பிய ஒளி 42 டிகிரியைத் தாண்டி வெளியே போகாது. இரண்டு முறை திரும்பிய ஒளியோ, ஏறக்குறைய 50 டிகிரிக்கு உள்ளே வராது. நடுவில் உள்ள இடத்துக்கு இரண்டுமே வருவதில்லை. அதனால் அங்கே வானம் கறுத்துத் தெரிகிறது. கேள்வி கேட்டு ஆயிரத்து நானூறு வருஷத்துக்கு மேல் கழித்து வந்த பதில்!

டேகார்ட்டுக்கும் நிறம் எப்படி வருகிறது என்பது பிடிபடவில்லை. அதைச் சொன்னவர் ஐசக் நியூட்டன். அவர் விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். பிறக்கும் முன்பே தகப்பனார் போய்விட்டார். மகனைப் பண்ணையம் பார்க்க வைக்கத் தாயார் முயன்று பார்த்தார், ஒத்துவரவில்லை. 1665-இல் கொள்ளைநோய் பரவி, அவர் படித்த கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தை மூடியபோது, நியூட்டன் ஊருக்குத் திரும்பினார். முப்பட்டைக் கண்ணாடி வழியாக வெயிலை விட்டு, வெள்ளை வெளிச்சத்துக்குள்ளேயே எல்லா நிறமும் கலந்திருக்கிறது என்று அந்த வருஷங்களில் கண்டுகொண்டார். சிவப்பு குறைவாக வளைகிறது, ஊதா அதிகமாக வளைகிறது. அதனால் துளியை விட்டு வரும்போது நிறங்கள் பிரிந்துவிடுகின்றன. 1704-இல் அச்சான அவருடைய புத்தகத்தில் கணக்கு இருக்கிறது. உள் வில்லில் ஊதா சுமார் 40 டிகிரி, சிவப்பு 42. வெளி வில்லில் சிவப்பு சுமார் 51, ஊதா 54.

துளிக்குள் மூன்று முறை திரும்பிய ஒளிக்கும் ஒரு வில் உண்டு. அது நம் முன்னால் வராது, சூரியன் பக்கமே சூரியனைச் சுற்றி விழும் என்று, வால்நட்சத்திரத்துக்குப் பேர் தந்த ஹாலி 1700-இல் கணக்கிட்டார். சூரிய வெளிச்சத்தில் அது கண்ணுக்குத் தெரிவதே அபூர்வம். 2011-இல்தான் ஜெர்மனியில் முதன்முதலாக அதைப் படம் பிடித்தார்கள்.

நீங்களே பார்க்கலாம்

இதையெல்லாம் நான் சொல்வதால் நம்ப வேண்டாம். தெளிப்பானை நன்றாகக் கழுவி, வெறும் தண்ணீர் ஊற்றிக்கொள்ளுங்கள். சாயங்காலம் நாலு மணிக்கு மேல் சூரியனுக்கு முதுகைக் காட்டி நின்று, எதிரே தெளியுங்கள். வில் தெரியும். பக்கத்தில் நிற்கிற உங்கள் பையன் பார்ப்பது வேறு வில். ஏனென்றால் அவன் கண்ணுக்கு ஒளி அனுப்புவது வேறு துளிகள்.

வானத்தில் வில் போடும்போது கையை நீட்டி முஷ்டியை மடக்குங்கள். ஒரு முஷ்டி சுமார் 10 டிகிரி. உங்கள் தலையின் நிழல் விழும் இடத்திலிருந்து நாலு முஷ்டிக்குக் கொஞ்சம் அதிகமாக அளந்தால் உள் வில். அதற்கு மேல் ஏறக்குறைய ஒரு முஷ்டி தள்ளினால் வெளி வில். சூரியன் 42 டிகிரிக்கு மேல் ஏறிவிட்டால் உள் வில் பூமிக்குக் கீழே போய்விடும். அதனால்தான் நம் ஊரில் உச்சி வெயிலில் வானத்தில் வானவில் தெரிவதில்லை. காலை ஒன்பது மணிக்கு முன்பும், பிற்பகல் மூன்று மணிக்குப் பின்பும்தான் பார்க்கலாம்.

மறுபடியும் கடலைக் களத்துக்கு

இப்போது பெரியவரின் கடலைக்கு வருவோம். மறுநாள் தலையைக் குனிந்துகொண்டு போய் நின்றேன். அவர் கோபிக்கவில்லை. "சார், வில்லு கிழக்கே இருந்துச்சு. அப்ப மழையும் கிழக்கேதானே இருக்கணும்? ஐப்பசியில காத்தும் கிழக்கேருந்துதானே வருது? எனக்கும் தோணுச்சு. படிச்சவர் சொல்றாரேன்னு விட்டுட்டேன்" என்றார்.

அவர் சொன்னதுதான் சரியான விஞ்ஞானம். வில் எங்கே தெரிகிறதோ அங்கே மழைத்துளி இருக்கிறது. சூரியன் அதற்கு நேர் எதிரே இருக்கிறது. வில் இவ்வளவுதான் சொல்லும். அந்த மழை நம்மை நோக்கி வருமா, விலகிப் போகுமா என்பதைக் காற்றுதான் சொல்ல வேண்டும். நான் படித்த புத்தகம் ஐரோப்பியப் புத்தகம். அங்கே மழை பெரும்பாலும் மேற்கிலிருந்து கிழக்கே நகரும். ஆகவே சாயங்காலம் கிழக்கே வில் போட்டால் மழை கடந்துபோய்விட்டது என்று அர்த்தம். நம் ஊரிலும் ஆடி, ஆவணி இடிமழைக்கு இது பெரும்பாலும் பொருந்தும். ஆனால் ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை கடல் பக்கமிருந்து வருகிறது. அப்போது சாயங்காலம் கிழக்கே தெரிகிற வில், வரப்போகிற மழையின் மேல் விழுந்த வெயில்!

ரெட்டை வில் என்பதற்கும் தனியாகச் சகுனம் ஏதும் இல்லை. வெயில் பளிச்சென்று இருக்கிறது, துளிகள் நன்றாக இருக்கின்றன என்று மட்டுமே அதற்கு அர்த்தம். பார்க்கப்போனால் ஒற்றை வில் போடும்போதும் மேலே இரண்டாவது உண்டு. மங்கலாக இருப்பதால் நம் கண்ணில் படுவதில்லை.

ஆகவே விவசாயப் பெருமக்களே, அறுவடை நேரத்தில் வில்லைப் பார்த்தால் மூன்று காரியம் செய்யுங்கள். வில் எந்தத் திசையில் என்று பாருங்கள். மேகம் எந்தப் பக்கம் நகர்கிறது என்று பாருங்கள். வானிலை அறிக்கையைக் கேளுங்கள். மூன்றில் ஒன்று சந்தேகமாக இருந்தாலும் களத்தில் கிடப்பதை அள்ளிக் குவித்துப் படுதாவைப் போட்டு மூடிவிடுங்கள். அரை மணி நேர வேலைதான்.

அதோடு இன்னொரு வேண்டுகோள். என்னைப் போல ஒருவர் வந்து புத்தகத்தைக் காட்டி ஏதாவது சொன்னால், உங்கள் மனசில் தோன்றுவதை அடக்கிக்கொள்ள வேண்டாம். "அது எந்த ஊருக்கு எழுதினதுங்க?" என்று கேளுங்கள். அன்று அந்தப் பெரியவர் என்னிடம் கேட்டிருந்தால் அவர் கடலை பிழைத்திருக்கும்.